வெளியிடும் உரிமை யாருக்கு? கசிந்த பாடல்களைப் பற்றிய விவாதம்

ஒரு பாட்டு பதிவாகி முடியும் நாளுக்கும் அது பொதுமக்களின் செவிக்கு எட்டும் நாளுக்கும் நடுவே ஓர் இடைவெளி எப்போதும் உண்டு. அந்த இடைவெளியில் பாட்டு யாருடைய ஆதீனத்தில் இருக்க வேண்டும், அதை எப்போது எந்த உருவத்தில் வெளியிடலாம் என்று தீர்மானிக்கும் அதிகாரம் யாருடையது, அந்த அதிகாரத்தை மீறி எவரேனும் அதை வெளியே விட்டுவிட்டால் நஷ்டம் யாரைச் சேர்கிறது என்னும் வினாக்கள் மேல்நாட்டு ஜனரஞ்சக இசையுலகில் அரை நூற்றாண்டுக்கு மேலாக விவாதிக்கப்பட்டு வருகின்றன. இசைத்தட்டுக் கம்பெனிகள் ஒரு விடை கூறுகின்றன. பாடகர்கள் வேறொரு விடை கூறுகின்றனர். வருஷக்கணக்கில் காத்திருந்து சலித்த ரசிகர்கள் மூன்றாவது விடையொன்றை, பெரும்பாலும் சொல்லினால் அல்லாமல் செய்கையினாலேயே, கூறிவிடுகின்றனர். பொருளாதார ஆராய்ச்சியாளரும் சட்ட அறிஞரும் இவர்களுக்கு நடுவே புகுந்து தத்தம் அளவுகோல்களை நீட்டியிருக்கின்றனர்.

அவ்விடைகளை வரிசைப்படுத்தி, ஒவ்வொன்றின் பிறப்பையும் பலத்தையும் பலவீனத்தையும் பரிசீலிப்பதே இக்கட்டுரையின் நோக்கம். பரிசீலனையில் இறங்குவோர் முன்கூட்டியே மனத்தில் கொள்ள வேண்டிய விஷயம் ஒன்று உண்டு. விவாதத்தில் ஈடுபட்டோரில் பலர் பாடகரையும் கம்பெனியையும் ஒரே தரப்பாகக் கருதிப் பேசிவந்திருக்கின்றனர். ஆனால் ரசிகர்களின் மனக்கசப்பு மிகுதியாக வெளிப்பட்ட விவகாரங்கள் பலவற்றில் அவ்விருவரும் ஒரே தரப்பில் இருக்கவில்லை.

பூர்வ சரித்திரம்

இங்கிலாந்தில் 1849இல் தீர்ப்பான ஒரு வழக்கிலிருந்து இச்சரித்திரத்தைத் தொடங்குவது பொருந்தும். விக்டோரியா மகாராணியும் அவர் கணவர் ஆல்பர்ட் இளவரசரும் தங்கள் சொந்த மகிழ்ச்சிக்காகச் செப்புத் தகட்டில் செதுக்கிய சித்திரங்களின் பிரதிகள், அச்சுக்கூட ஊழியர் ஒருவர் மூலமாக அன்னியர் கைக்குப் போய்ச் சேர்ந்து, ஸ்ட்ரேஞ்ச் என்னும் பிரசுரகர்த்தர் அவற்றைக் காட்சிக்கு வைக்கவும் அவற்றின் விவரப் பட்டியலை விற்கவும் முனைந்தபோது, நீதிமன்றம் காட்சியை மட்டுமன்றிப் பட்டியலையும் தடை செய்தது. படைப்பை வெளியிடாமலே வைத்திருப்பதும் படைத்தவரின் உரிமைகளுள் ஒன்று என்ற கோட்பாடு இத்தீர்ப்பினால் வலுப்பெற்றது. 1890இல் வாரன், பிராண்டைஸ் என்னும் இரு வழக்கறிஞர்கள் ஹார்வர்டு சட்டச் சஞ்சிகையில் அந்தரங்க உரிமையைப் பற்றி எழுதிய புகழ்பெற்ற கட்டுரை இவ்வழக்கைத் தன் ஆதாரங்களுள் முதன்மையாகக் கொண்டது. வெளியிடாத எழுத்துக்கும் சித்திரத்துக்கும் கிட்டும் இப்பாதுகாப்பு உண்மையில் சொத்துரிமையைச் சார்ந்ததன்று, மனிதனுடைய ஆளுமையைச் சார்ந்தது என்று அவர்கள் வாதித்தனர். சொத்தா, ஆளுமையா என்னும் இந்தப் பிளவுதான் கசிந்த பாடல்களைப் பற்றிய பிற்கால விவாதங்கள் அனைத்துக்கும் அடியில் ஓடுகிறது.

இசையுலகில் இவ்வினா பெரிய அளவில் எழுந்தது 1969இல். அதற்கு இரண்டாண்டுகளுக்கு முன், நியூயார்க் மாநிலத்தில் வுட்ஸ்டாக்கை அடுத்த ஒரு வீட்டின் நிலவறையில் பாப் டிலன் தம் சகாக்களுடன் பதிவு செய்திருந்த பாடல்களுள் சில, வேறு பல பழைய பதிவுகளுடன் சேர்ந்து, லாஸ் ஏஞ்சலஸ் கடைகளில் எழுத்தே இல்லாத வெள்ளை உறையிட்ட இரட்டை இசைத்தட்டாக விற்பனைக்கு வந்தன. ‘கிரேட் ஒயிட் வொண்டர்’ என்று பெயர் பெற்ற அத்தட்டே ராக் இசையில் பூட்லெக் என்னும் கள்ளத் தட்டு வியாபாரத்துக்குத் தோற்றுவாய் என்பது பொதுவான அபிப்பிராயம். டிலனின் கம்பெனியாகிய கொலம்பியா அந்த நிலவறைப் பாடல்களை முறைப்படி வெளியிட்டது 1975இல்தான். அமெரிக்கக் கூட்டாட்சிப் பதிப்புரிமைச் சட்டத்தில் அதுகாறும் சாகித்தியத்துக்கும் மெட்டுக்கும் இருந்த பாதுகாப்பு ஒலிப்பதிவுக்கு இல்லாதிருந்தது. 1971இல் நிறைவேறிய திருத்தத்தின்படி 1972 பிப்ரவரி 15 முதல் பதிவாகும் ஒலிக்கே அது கிட்டியது.

கம்பெனியின் வாதம்

கம்பெனிகளின் வாதம் முதலீட்டை அடிப்படையாகக் கொண்டது. பாடகருக்கு முன்பணம் கொடுத்து, பதிவுச் செலவை ஏற்று, விளம்பரத்தையும் வானொலி ஒலிபரப்பையும் சுற்றுப்பயணத்தையும் ஒரே வாரத்தில் குவியுமாறு அமைத்து, அவ்வொரு வாரத்து விற்பனையால் தரவரிசைப் பட்டியலின் உச்சியைப் பிடித்து, அதன் வேகத்தில் போட்ட பணத்தை மீட்பது அவர்களுடைய தொழில் முறை. குறித்த நாளுக்கு முன்பே பாடல்கள் வெளியாகிவிட்டால் இந்த ஏற்பாடு முழுவதும் குலைகிறது என்பதும், எதிர்காலத்தில் புதிய பாடகர்கள்மேல் பணம் போடும் துணிவே குன்றிவிடும் என்பதும் அவர்கள் கூற்று.

1999இல் பாட்டுக் கோப்புகளை இணையத்தில் பகிர்ந்துகொள்ள உதவிய நாப்ஸ்டர் தோன்றிய பிறகு இவ்வாதம் உக்கிரமடைந்தது. ஒரு திரைப்படத்துக்காகத் தாங்கள் பதிவு செய்த பாட்டு முழுமை பெறுமுன்பே வானொலி நிலையங்கள் வரை சென்றுவிட்டதைக் கண்ட மெட்டாலிக்கா குழுவினர், 2000 ஏப்ரலில் நாப்ஸ்டர்மேல் வழக்குத் தொடுத்ததோடு, தங்கள் பாடல்களைப் பகிர்ந்தவர்களாகக் கண்டறியப்பட்ட மூன்று லட்சத்துக்கு மேற்பட்ட பயனர் பெயர்களையும் அந்நிறுவனத்திடம் ஒப்படைத்தனர். ரசிகர்களே பிரதிவாதிகளின் ஸ்தானத்தில் நிறுத்தப்பட்ட அந்நிகழ்ச்சி, இசைக்குழு ஒன்றுக்கும் அதன் ரசிகர்களுக்கும் இடையே ஏற்பட்ட கசப்புக்கு நெடுங்காலம் உதாரணமாகக் கூறப்பட்டது. 2005இல் அமெரிக்க காங்கிரஸ் இயற்றிய சட்டம், வெளியீட்டுக்கு முந்திய படைப்பை இணையத்தில் பரப்புவதையே தனிக் குற்றமாக்கி, மூன்றாண்டு வரையிலும், பண லாபம் கருதிச் செய்தால் ஐந்தாண்டு வரையிலும் சிறைத் தண்டனை விதிக்க இடமளித்தது.

இவ்வாதத்தின் முதல் பலவீனம், கசிவின் ஊற்றுக்கண் பெரும்பாலும் கம்பெனியின் மதிலுக்கு உள்ளேயே இருந்தது என்பதாகும். வட கரோலினா மாநிலத்தின் கிங்ஸ் மவுண்டன் என்னும் சிற்றூரில் இருந்த குறுந்தகட்டுத் தொழிற்சாலையின் ஊழியர் ஒருவர், அகலமான இடுப்புவார்க் கொக்கிக்குப் பின்னே தகடுகளை மறைத்து வெளியே கொண்டுவந்து, பல ஆண்டுகளாக ஓர் இரகசியக் கூட்டத்துக்குக் கொடுத்துவந்த வரலாற்றை ஸ்டீபன் விட் 2015இல் வெளியிட்ட நூலில் விரிவாகக் காணலாம். நாட்டுக்கு நாடு வெளியீட்டுக் கிழமை வேறுபட்டதும் கசிவுக்கு வழிவகுத்தது. 2015 ஜூலை முதல் உலகெங்கும் வெள்ளிக்கிழமையே வெளியீட்டு நாள் என்று இசைத்தொழில் கூட்டமைப்பு நிர்ணயித்ததற்கு இது ஒரு காரணம். இரண்டாவது பலவீனம், கசிந்த பாட்டைக் கேட்டவர் ஒவ்வொருவரும் விலை கொடுத்து வாங்கியிருப்பார் என்ற அனுமானம். ரேடியோஹெட் குழுவின் ‘கிட் ஏ’ ஆல்பம் 2000 அக்டோபரில் கடைக்கு வருமுன்பே நாப்ஸ்டரில் முழுவதும் பரவியிருந்தும், அமெரிக்கப் பட்டியலில் அக்குழுவுக்கு முதன்முதலாக முதலிடத்தைப் பெற்றுத் தந்தது. எமினெம் 2002இல் வெளியிட்ட ஆல்பம் கசிவின் காரணமாக அவசர அவசரமாக முன்தேதிக்கு மாற்றப்பட்டும், அவ்வாண்டில் அமெரிக்காவில் மிகுதியாக விற்ற ஆல்பமாயிற்று.

கணக்கின் சாட்சியம்

இத்தகைய தனி உதாரணங்களைக் கொண்டு பொது விதி அமைப்பது நியாய சாஸ்திரத்துக்கு ஒவ்வாது. கசியாதிருந்தால் அவை இன்னும் மிகுதியாக விற்றிருக்கலாம் என்று எதிர்த்தரப்பார் சொல்வதற்கு இடமுண்டு. ஆகவே பொருளாதார நிபுணர்கள் பெருந்தொகையான ஆல்பங்களை எடுத்துக்கொண்டு ஆராய முற்பட்டனர்.

ஓபர்ஹோல்சர்-கீ, ஸ்ட்ரம்ப் என்னும் இருவர் 2007இல் பிரசுரித்த ஆராய்ச்சி, 2002ஆம் ஆண்டின் கோப்புப் பகிர்வுப் பதிவேடுகளை அமெரிக்க விற்பனைக் கணக்குடன் ஒப்பிட்டது. ஜெர்மனியில் பள்ளி விடுமுறை வரும்போதெல்லாம் அந்நாட்டு மாணவர்கள் இணையத்தில் மிகுதியாகக் கோப்புகளைப் பகிர்வதால், அமெரிக்கருக்கும் பதிவிறக்கம் எளிதாகிறது என்ற நுட்பமான தொடர்பை ஆதாரமாகக் கொண்டு, பகிர்வினால் விற்பனைக்கு நேர்ந்த பாதிப்பு புள்ளிவிவர முறைப்படி பூஜ்யத்திலிருந்து வேறுபடவில்லை என்ற முடிவுக்கு அவர்கள் வந்தனர். டெக்சாஸ் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த லீபோவிட்ஸ் இதைக் கடுமையாக மறுத்தார். அமெரிக்க இசைத்தொழிலின் வருமானம் 1999இல் ஏறத்தாழ 1,460 கோடி டாலராக இருந்தது அடுத்த பதினைந்து ஆண்டுகளில் பாதியளவுக்குச் சரிந்ததை நோக்கும்போது, அவருடைய ஐயத்தை அலட்சியம் செய்வதற்கில்லை. ஆயினும் அச்சரிவில் கோப்புப் பகிர்வின் பங்கு எவ்வளவு, முழு ஆல்பத்தை விட்டு ஒற்றைப் பாட்டை மட்டும் வாங்கும் வழக்கத்தின் பங்கு எவ்வளவு என்று பிரித்துக் காட்டுவது இன்றளவும் கடினமாகவே இருக்கிறது.

வெளியீட்டுக்கு முந்திய கசிவை மட்டும் தனியே எடுத்து ஆராய்ந்தவர் வட கரோலினா மாநிலப் பல்கலைக்கழகத்தின் ராபர்ட் ஹாமண்ட். 2014இல் பிரசுரமான அவர் கட்டுரையின்படி, ஓர் ஆல்பம் ஒரு மாதம் முன்னதாகக் கசிவதனால் அதன் விற்பனை ஏறக்குறைய அறுபது பிரதிகள் கூடுகிறது. லட்சக்கணக்கில் விற்கும் சரக்குக்கு இது லாபமும் அன்று, நஷ்டமும் அன்று. அவருடைய மற்றொரு முடிவே கூர்ந்து நோக்கத் தக்கது. கசிவினால் கிட்டும் இச்சொற்ப நன்மையும் ஏற்கனவே புகழ் பெற்ற பாடகருக்கே சேர்கிறது. பெயர் தெரியாத புதியவருக்குச் சேர்வதில்லை. கசிவு ஏழைப் பாடகனுக்கு இலவச விளம்பரம் என்று ரசிகர்கள் சொல்லும் சமாதானம் இதனால் பெரிதும் தளர்கிறது.

இவ்வாராய்ச்சிகள் யாவும் தகடும் பதிவிறக்கமும் விலைக்கு விற்ற காலத்தவை. மாதச் சந்தா செலுத்தி எல்லாப் பாட்டையும் கேட்கும் ஸ்ட்ரீமிங் யுகத்தில் ஒரு பிரதி விற்காமற்போவது என்பதற்கே பொருள் மாறிவிட்டபடியால், அவற்றின் முடிவுகளை இன்றைய நிலைக்கு அப்படியே பொருத்துவது பத்திரமன்று.

பாடகரின் வாதம்

விற்பனைக் கணக்கு எவ்வாறிருப்பினும், பாடகர் கூறும் குறை வேறு வகையானது. பாட்டு எப்போது முற்றுப்பெற்றது என்று சொல்லத் தக்கவர் அதைப் படைத்தவர் ஒருவரே. அரைவேக்காட்டில் இறக்கிய சோற்றைப் பந்தியில் பரிமாறிவிட்டு, சமைத்தவரின் கைப்பக்குவத்தைப் பற்றித் தீர்ப்புக் கூறுவது தகாது என்பது அவர் வாதத்தின் சாரம். பிரெஞ்சுச் சட்டம் இதைப் படைப்பாளியின் தார்மிக உரிமைகளுள் ஒன்றாகவே வகுத்து, படைப்பை வெளிப்படுத்தும் தருணத்தைத் தேர்ந்துகொள்ளும் அதிகாரத்தை ஆசிரியருக்கே அளித்திருக்கிறது. மேலே கண்ட சொத்து, ஆளுமை என்ற பிளவில் இவ்வாதம் ஆளுமையின் பக்கம் நிற்கிறது.

இவ்வாதத்தின் நியாயத்தை உணர்த்தும் நிகழ்ச்சிகள் பல. 2014 டிசம்பரில் மடோனாவின் முற்றுப்பெறாத டெமோக்கள் இணையத்தில் பரவியபோது, அவர் ஆறு பாடல்களை அவசரமாக முடித்து அதே மாதத்தில் விற்பனைக்கு விட நேர்ந்தது. அவற்றைத் திருடிய குற்றத்துக்காக இஸ்ரேல் நாட்டவர் ஒருவருக்கு அந்நாட்டு நீதிமன்றம் 14 மாதச் சிறை விதித்தது. டெமோக்கள் பரவியதற்கு அடுத்த மாதமே, மார்ச்சில் வெளிவர இருந்த பியோர்க்கின் ‘வல்னிக்யூரா’ ஆல்பம் இரண்டு மாதம் முந்திக் கசிய, அவரும் ஜனவரி 20 அன்றே அதை வெளியிட வேண்டியதாயிற்று. சார்லி எக்ஸ்சிஎக்ஸ் என்னும் ஆங்கிலப் பாடகிக்கு நேர்ந்தது இவற்றினும் கடுமையானது. 2017இல் அவருடைய மூன்றாவது ஆல்பத்துக்கான பாடல்கள் திருட்டுப்போய்ப் பரவியதை அடுத்து அந்த ஆல்பமே கைவிடப்பட்டது. மிகுந்த ஆவலுடன் தேடிக் கேட்ட ரசிகர்களின் செய்கையே அந்த ஆல்பம் முறையான உருவில் பிறவாமைக்குக் காரணங்களுள் ஒன்றாயிற்று என்பதை ரசிகர்கள் பிற்காலத்தில் தாங்களே விவாதித்திருக்கின்றனர்.

பாடகரின் வாதத்துக்கும் வரம்புகள் உண்டு. முதலாவது, படைப்பாளியின் சித்தம் நிலையானதன்று. பிரின்ஸ் 1987 டிசம்பரில், அச்சாகிக் கடைக்குச் செல்லத் தயாராயிருந்த ஓர் ஆல்பத்தைக் கடைசித் தருணத்தில் தாமே நிறுத்தி, ஏறத்தாழ ஐந்து லட்சம் பிரதிகளை அழிக்கச் செய்தார். தப்பிய சில பிரதிகளிலிருந்து பெருகிய கள்ளத் தட்டுகள் ‘பிளாக் ஆல்பம்’ என்ற பெயரில் உலகமெங்கும் சுற்றின. 1994இல், கம்பெனியுடன் கடும் பிணக்கில் அவர் இருந்த காலத்தில், அதே ஆல்பம் முறைப்படி வெளிவந்தது. இரண்டாவது, படைத்தவர் மறைந்தபின் அவ்வதிகாரம் யாரைச் சேரும் என்ற சிக்கல். உயில் எழுதாமலே 2016இல் பிரின்ஸ் காலமாகி, மினசோட்டாவில் அவர் பூட்டி வைத்திருந்த பதிவுகள் வாரிசுகளின் பொறுப்புக்கு வந்தன. 2010இல் பதிவாகி அவரால் ஒதுக்கி வைக்கப்பட்ட ஆல்பம் ஒன்று 2021இல் வெளியாயிற்று. முற்றுப்பெறாத பாட்டை வெளியிடுவது அந்தரங்கத்தின் மீறல் என்றால், வாரிசுதாரர் செய்யும் வெளியீடு மட்டும் எவ்வகையில் அதனின்று வேறுபடுகிறது என்ற கேள்வி எழத்தான் செய்கிறது. மூன்றாவது வரம்பு எல்லாவற்றினும் முக்கியமானது: ஒப்பந்தத்தில் கையெழுத்திட்ட நாளன்றே வெளியிடும் அதிகாரத்தைப் பல பாடகர்கள் கம்பெனிக்கு எழுதிக் கொடுத்துவிடுகின்றனர். அதன்பின் அவர்கள் தம் அதிகாரத்தைப் பற்றிப் பேசுவது, கைவிட்டுப்போன நிலத்தின் எல்லையைப் பற்றிப் பேசுவதாக முடிகிறது.

ரசிகரின் வாதம்

ரசிகரின் வாதம் பிறப்பது இந்த இடத்தில்தான். வெளியீட்டுக்கு இரண்டு வாரம் முன்னதாகக் கேட்டுவிடத் துடிக்கும் ஆவலை எவரும் ஒரு கொள்கையாக நிலைநாட்ட முயல்வதில்லை. ஆனால் பாடகர் பாடி முடித்து, கம்பெனி காரணம் சொல்லாமல் அலமாரியில் வைத்துப் பூட்டிவிட்ட பாட்டைப் பற்றிய பேச்சு வேறு. அத்தகைய நிலையில் கசிவு என்பது திருட்டன்று, சிறைமீட்பு என்று ரசிகர் கருதுகின்றனர்.

அவர்கள் காட்டும் திருஷ்டாந்தங்கள் அற்பமானவையல்ல. பதின்மூன்று வயதில் 2004இல் புகழ்பெற்ற ஜோஜோ என்னும் பாடகிக்கு, 2006இல் இரண்டாவது ஆல்பம் வெளிவந்த பின் மூன்றாவதை வெளியிடுவதற்கு, கம்பெனியோடு வழக்காடி விடுதலை பெற்று, 2016 வரையில் காத்திருக்க நேர்ந்தது. ரே என்னும் ஆங்கிலப் பாடகி, நான்கு ஆல்பங்களுக்கு ஒப்பந்தம் செய்துகொண்டு 2014 முதல் ஒன்றைக்கூட வெளியிட அனுமதி கிட்டவில்லை என்று 2021இல் பகிரங்கமாக முறையிட்டு விலகி, 2023இல் தாமே வெளியிட்ட முதல் ஆல்பத்தினால் மறு ஆண்டு பிரிட் விருதுகளில் ஒரே இரவில் ஆறினைப் பெற்றார். சிகாகோவைச் சேர்ந்த வில்கோ குழுவின் ஆல்பத்தை ரெப்ரைஸ் கம்பெனி 2001இல் நிராகரிக்க, குழுவினர் அதைத் தங்கள் இணையத்தளத்தில் எல்லோரும் கேட்கும்படி வைத்தனர். 2002இல் அதை வெளியிட்ட நான்சச் கம்பெனியும் ரெப்ரைஸின் தாய் நிறுவனத்தையே சேர்ந்தது என்பது அத்துறையின் தீர்ப்புத் திறனைப் பற்றிப் பலரை ஐயுறச் செய்தது. கம்பெனியின் கணிப்பு பிழைபடலாம் என்பதற்கு இவை போதிய சான்று.

எனினும் ரசிகர் வாதத்தின் மிக நுட்பமான பலவீனத்தை வெளிப்படுத்துவதும் இவ்வகையைச் சேர்ந்த ஒரு விவகாரமே. ஃபியோனா ஆப்பிள் என்னும் பாடகி தமது மூன்றாவது ஆல்பத்தை ஜான் பிரையனைத் தயாரிப்பாளராகக் கொண்டு பதிவு செய்து, அது வெளிவராமல் நாட்கள் கழிந்தபோது, வியாபாரத்துக்கு உதவாது என்று அவருடைய கம்பெனியாகிய சோனி அதை முடக்கிவிட்டதாக ரசிகர்கள் நம்பினர். 2005இல் அவருக்கு விடுதலை கோரி ஓர் இயக்கம் தொடங்கி, சோனி அலுவலகத்துக்கு ஆப்பிள் பழங்களை அனுப்பியும், நியூயார்க்கில் அதன் கட்டடத்தின் எதிரே கூடியும் கிளர்ச்சி செய்தனர். அவ்வாண்டின் தொடக்கத்திலேயே பாடல்கள் முழுவதும் கசிந்து, பத்திரிகைகளில் விமரிசனமும் பெற்றன. ஆனால் அக்டோபரில் வெளிவந்த ஆல்பத்தில் பெரும்பாலான பாடல்கள் மைக் எலிசாண்டோவைக் கொண்டு மறுபடி பதிவு செய்யப்பட்டவையாக இருந்தன. முந்திய பதிவில் தமக்கே திருப்தி ஏற்படவில்லை என்பதும், கம்பெனியோடு இருந்த பிணக்கு ரசிகர் எண்ணியதினும் சிக்கலானது என்பதும் பாடகி பின்னர் அளித்த விளக்கங்களால் தெரியவந்தன. ரசிகர்களின் கிளர்ச்சி பாடகி தம் பணியை மீண்டும் தொடங்க உதவியது என்று கருத இடமுண்டாயினும், அவர்கள் சிறைமீட்டதாக நினைத்த பாடல்கள் அவர் வெளியிட விரும்பியவை அல்ல. இரு ஆல்பங்களில் எது மேலானது என்று ரசிகர் இன்றும் வாதாடுகின்றனர். பாடகரின் பெயரால் பேசுகிறவருக்குப் பாடகரின் சித்தம் தெரிந்திருக்க வேண்டும்; பெரும்பாலான சமயங்களில் அதைத் தெரிந்துகொள்ள அவருக்கு வழியே இல்லை.

மற்றொரு பலவீனமும் உண்டு. சிறைமீட்பாகத் தொடங்கிய செய்கை வியாபாரமாக மாறியிருக்கிறது. கணினிக் கணக்குகளை உடைத்துப் பாடல்களைத் திருடுவோர் அவற்றுக்கு விலை வைப்பதும், ரசிகர்கள் கூட்டாகப் பணம் சேர்த்து அவற்றை வாங்குவதும் சமீப ஆண்டுகளில் வழக்கமாகியுள்ளன. ரேடியோஹெட்டின் பழைய ஒத்திகைப் பதிவுகள் 2019இல் திருட்டுப்போய், ஒன்றரை லட்சம் டாலர் கேட்கப்பட்டதாகச் செய்தி வந்தபோது, அக்குழுவினர் பணம் கொடுக்க மறுத்து, ஏறக்குறைய பதினெட்டு மணி நேரப் பதிவுகளைப் பதினெட்டு நாட்களுக்குப் பதினெட்டு பவுண்டு விலையில் தாங்களே விற்று, வருமானத்தைச் சுற்றுச்சூழல் இயக்கம் ஒன்றுக்கு அளித்தனர்.

ரசிகர் நடுவே பிளவு

ரசிகர் என்பது ஒரே மனமுடைய திரளன்று. டெய்லர் ஸ்விஃப்டின் ஆல்பம் 2024 ஏப்ரலில் வெளியீட்டுக்கு இரண்டு நாள் முன்னே கசிந்தபோது, அவருடைய ரசிகர்களுள் பலர் அதைக் கேட்பதில்லை என்று ஒருவருக்கொருவர் வலியுறுத்திக்கொண்டனர்; அந்த ஆல்பம் முதல் வாரத்தில் அமெரிக்காவில் மட்டும் 26 லட்சம் பிரதிகளுக்கு ஈடான கணக்கைத் தொட்டது. தம் பழைய பதிவுகளின் உடைமை கைமாறியதை எதிர்த்து அவற்றை 2021 முதல் மறுபடி பாடி வெளியிட்ட பாடகி அவர் என்பதால், யாருடைய உரிமையை மதிக்கிறோம் என்ற பிரக்ஞை அந்த ரசிகர்களிடம் கூர்மையாக இருந்தது வியப்பன்று.

கசிவையே பாடகர் தம் வசமாக்கிக்கொண்ட சந்தர்ப்பங்களும் உள. லானா டெல் ரேயின் வெளியிடப்படாத பாட்டொன்று பல ஆண்டுகள் ரசிகர் நடுவே சுற்றிப் பிரபலமான பின் 2023இல் முறையாக வெளிவந்தது. தமிழ் வாசகருக்கு அண்மையான உதாரணமும் ஒன்று உண்டு: ‘ஒய் திஸ் கொலைவெறி டி’ பாட்டின் செம்மைப்படாத வடிவம் முதலில் கசிந்துவிட்டதனாலேயே, அதன் முறையான வடிவம் 2011 நவம்பர் 16 அன்று வெளியிடப்பட்டது. பின்னர் அது உலகெங்கும் பரவிய கதை யாவரும் அறிந்ததே. ஆனால் வென்ற பாட்டுகளை மட்டும் எண்ணி, கசிவோடு மடிந்துபோன பாட்டுகளை எண்ணாமல் விடும் கணக்கு பக்ஷபாதமுடையது.

பரிகாரங்கள்

இதுவரை முயன்ற பரிகாரங்களை மூவகையாகப் பிரிக்கலாம். முதல்வகை தண்டனையும் தந்திரமும். மடோனா 2003இல் தம் பாடல்களின் பெயரில் போலிக் கோப்புகளைப் பரப்பி, பதிவிறக்குவோரைத் தம் குரலாலேயே வைதார். விளைவாக அவருடைய இணையத்தளமே உடைக்கப்பட்டது. இவ்வகை, கசப்பை வளர்த்ததன்றிக் கசிவைத் தடுத்ததாகத் தெரியவில்லை. இரண்டாம் வகை, இடைவெளியையே சுருக்குவது. பியான்ஸே 2013 டிசம்பர் 13 அன்று எவ்வித முன்னறிவிப்புமின்றி ஒரு முழு ஆல்பத்தை வெளியிட்டது முதல் இம்முறை பரவியிருக்கிறது. எனினும் பெரும்புகழ் உடையோர்க்கே இது கைகூடும்.

மூன்றாம் வகை சட்டத்தின் வழியே கம்பெனியின் மௌனத்துக்கு எல்லை வகுப்பது. ஐரோப்பிய ஒன்றியம் 2011இல் ஒலிப்பதிவுகளின் பாதுகாப்பை 70 ஆண்டுகளாக நீட்டியபோது, பதிவாகி ஐம்பது ஆண்டுகளுக்குள் வெளியிடப்படாதவற்றுக்கு அந்நீட்டிப்பைத் தரவில்லை. இதன் விளைவாக டிலனின் 1962ஆம் ஆண்டுப் பதிவுகள் 2012 இறுதியில் சுமார் நூறு பிரதிகள் மட்டுமே அச்சாகி ஐரோப்பியக் கடைகளில் தோன்றின. உரிமையைக் காக்கும் சடங்காக நடந்த வெளியீடு அது. இதனினும் பயனுடையது 2019ஆம் ஆண்டின் ஐரோப்பிய ஆணை. உரிமையை வாங்கிக்கொண்டு பயன்படுத்தாமல் வைத்திருப்பவரிடமிருந்து படைப்பாளியும் பாடகரும் அதைத் திரும்பப் பெற அதன் 22ஆம் விதி இடமளிக்கிறது. இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தின் 19(4)ஆம் பிரிவிலும் இக்கருத்து உண்டு: எழுதி வாங்கிய உரிமையை ஓராண்டுக்குள் பயன்படுத்தாவிட்டால் அது காலாவதியாகும். ஆனால் ஒப்பந்தத்தில் வேறு விதமாகக் குறித்திருந்தால் அப்பிரிவு செல்லாது என்ற விலக்கு, அதன் வலிமையைப் பெரிதும் குறைத்துவிடுகிறது.

முடிவாகாதவை

இவற்றையெல்லாம் சீர்தூக்கிப் பார்க்கும்போது சில முடிவுகளை ஓரளவு உறுதியுடன் கூறலாம். கசிவினால் விற்பனை அழிகிறது என்ற பழைய கூற்று, பொது விதியாக நிரூபிக்கப்படவில்லை. கசிவு புதியவரை வளர்க்கிறது என்ற எதிர்க்கூற்றுக்கும் ஆதாரம் குறைவு. கசிவின் உண்மையான பாதிப்பு, முற்றுப்பெறாத பணியில் ஈடுபட்டிருக்கும் பாடகருடைய தீர்மானத்தின்மேல் விழுகிறது என்று கொள்வதே கிடைக்கும் சான்றுகளுக்கு ஒத்ததாகத் தோன்றுகிறது. ஆதலின் ஒவ்வொரு கசிவையும் மதிப்பிடும்போது எவ்வளவு நஷ்டம் என்று கேட்பதற்கு முன், யாருடைய சித்தத்துக்கு விரோதமாக அது நடந்தது என்று கேட்பது தகும். பாடகரே வெளியிட விரும்பாத பாட்டைப் பரப்புவதற்கு நியாயம் காண்பது அரிது. பாடகர் விரும்பியும் கம்பெனி பூட்டி வைத்த பாட்டின் விஷயத்தில் ரசிகரின் சினத்துக்கு நியாயமுண்டு. ஆனால் அச்சினத்துக்கு ஏற்ற பரிகாரம் கசிவா, உரிமையைத் திரும்பப் பெறும் சட்டமா என்று வினவினால், பின்னதன் பக்கமே நியாயம் சாய்கிறது.

எஞ்சி நிற்கும் ஐயங்கள் சில. ஐரோப்பிய விதியை உண்மையில் எத்தனை பாடகர்கள் துணிந்து பயன்படுத்துவார்கள் என்பது இனிமேல்தான் தெரிய வேண்டும். கம்பெனியின் தயவை நாடி நிற்கும் இளம் பாடகருக்குச் சட்டம் கொடுக்கும் உரிமையும் கையெட்டாத உரிமையாகலாம். மறைந்த பாடகரின் சித்தத்தை அறிவதற்கு ஒப்புக்கொள்ளப்பட்ட முறை எதுவும் இல்லை. 2023 ஏப்ரலில் டிரேக், வீக்கெண்ட் ஆகிய இரு பாடகரின் குரல்களில் இயந்திரம் போலியாகப் பாடிய பாட்டொன்று பரவி, பின்னர் அகற்றப்பட்டது முதல், கசிந்ததாகச் சொல்லப்படும் பாட்டு மெய்யாகவே அந்தப் பாடகர் பாடியதுதானா என்ற சந்தேகமும் சேர்ந்துகொண்டிருக்கிறது. ஒரு பாட்டு எப்போது முடிந்தது என்பதைப் பாடகரே சொல்ல வேண்டும் என்ற கொள்கையை ஏற்றாலும், அவர் வருஷக்கணக்கில் ஒன்றுமே சொல்லாதபோது கேட்பவர் எவ்வளவு காலம் காத்திருக்கக் கடமைப்பட்டவர் என்பதற்குச் சட்டமும் பொருளாதாரமும் இதுவரை விடை அளிக்கவில்லை. அவை விடையளிக்கத் தக்க வினாதானா என்பதும் ஐயத்துக்குரியதே.